சூனியக்காரி என்ற பெயரும் கசாய் மாசாயே என்ற ஆட்டக்காரரும்

1964 அக்டோபர் 23 அன்று டோக்கியோவில் இரண்டு போட்டிகள் நடந்தன. ஜப்பான் தன் சொந்த விளையாட்டெனக் கருதிய ஜூடோவின் திறந்த எடைப் பிரிவில், நெதர்லாந்தின் ஆன்டன் ஹேசிங்க் ஜப்பானிய வீரர் காமினாகாவை வீழ்த்தினார். அன்றைக்கே கொமாசாவா அரங்கில் ஜப்பானியப் பெண்கள் கைப்பந்து அணி சோவியத் அணியை 15-11, 15-8, 15-13 என்ற கணக்கில் வென்று தங்கம் பெற்றது. அந்த ஆட்டத்தின் தொலைக்காட்சி நேரலைக்குக் கிடைத்த 66.8 விழுக்காட்டுப் பார்வையாளர் அளவை ஜப்பானில் வேறெந்த விளையாட்டு ஒளிபரப்பும் இன்றுவரை எட்டவில்லை. அணியின் தலைவி கசாய் மாசாயே. அப்போது அவருக்கு வயது 31.

அந்த அணியை உலகம் 'கீழைத்தேயச் சூனியக்காரிகள்' என்ற பெயரால் அறியும். 1961-இல் அவர்கள் ஐரோப்பாவில் சுற்றுப்பயணம் செய்து ஓர் ஆட்டத்திலும் தோற்காமல் திரும்பியபோது, சோவியத் பத்திரிகைகளின் வழியே பரவிய பெயர் இது. ஜப்பானியத்தில் 'தோயோ நோ மாஜோ'. மொழியியல் படித்தவர்கள் இங்கே சற்று நின்றுதான் செல்ல வேண்டும். 'மாஜோ' என்பதன் முதற்பகுதியான 'மா' என்னும் எழுத்து, சமஸ்கிருத 'மார' என்ற சொல்லை ஒலிபெயர்ப்பதற்காகச் சீனப் பௌத்த மொழிபெயர்ப்பாளர்கள் உருவாக்கியது. புத்தரின் தவத்தைக் கலைக்க வந்த அதே மாரன். நம் இலக்கியங்களில் காமனுக்கு வழங்கும் பெயரும் அதுவே. ஐரோப்பியர் தம் நாட்டுச் சூனியக்காரியை மனத்தில் கொண்டு சொன்ன சொல், ஜப்பானியத்துக்குள் புகுந்தபோது மாரனின் சாயலையும் பெற்றுக்கொண்டது. பயிற்சியாளர் தைமாட்சு ஹிரோபுமிக்கோ 'ஓனி', அதாவது அரக்கன், என்று பெயர். அரக்கன் ஆட்டுவிக்க, சூனியக்காரிகள் ஆடினர் என்று ஒரு கதை பிறந்தது. கதை சுவையானதுதான். ஆனால் கசாய் ஓர் ஆலை ஊழியர் என்ற செய்தி அதற்குள் மறைந்துபோனது.

அவர் 1933-இல் யாமானாஷி மாவட்டத்தில் பிறந்தவர். பள்ளிப்படிப்புக்குப் பின் நிச்சிபோ எனப்பட்ட பெரும் நூற்பு நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்தார். போருக்குப் பிந்தைய ஜப்பானில் நூற்பாலைகளின் உழைப்பாளர் பெரும்பாலோர் விடுதிகளில் தங்கிய இளம்பெண்கள். அவர்களின் ஓய்வு நேரத்துக்கென்று நிறுவனங்கள் வளர்த்த விளையாட்டு கைப்பந்து. இந்த ஆலைப் பின்னணியை விலக்கிவிட்டுச் 'சூனியக்காரி'களைப் புரிந்துகொள்ள முடியாது என்பதை ஹெலன் மக்னாட்டனின் ஆய்வு நன்றாகவே காட்டியிருக்கிறது. 1954-இல் நிச்சிபோ தன் பல்வேறு ஆலைகளின் ஆட்டக்காரர்களை ஒசாகா மாவட்டத்தின் கைசுகா ஆலையில் ஒன்றுசேர்த்தது. பகலில் அலுவலக வேலை. பிற்பகலில் தொடங்கும் பயிற்சி நள்ளிரவைத் தாண்டும்.

தைமாட்சுவின் கடுமைக்குக் காரணம் தேடுபவர்கள் அவருடைய போர்க்காலத்துக்குச் செல்வார்கள். அந்தத் தடம் இந்தியாவுக்கும் வருகிறது. 1944-இல் மணிப்பூரின் இம்பால் நோக்கிப் படையெடுத்துப் பசியாலும் நோயாலும் அழிந்த ஜப்பானியப் படையிலிருந்து உயிர்தப்பியவர்களுள் அவரும் ஒருவர். மனிதரின் எல்லை எதுவென்று அங்கே கற்றதையே ஆடுகளத்திற்குக் கொண்டுவந்தார் என்பது பலரும் ஏற்கும் விளக்கம். அதில் உண்மை இருக்கலாம். ஆயினும் ஓர் அணியின் பத்தாண்டு உழைப்பு முழுவதையும் ஓர் ஆணின் போர்நினைவுக்குள் அடக்கிவிடுவது வரலாற்றாசிரியருக்கு மிக எளிதான வேலை என்றே எனக்குத் தோன்றுகிறது.

களத்தில் நடந்ததைப் பார்த்தால் வேறொன்று புலப்படும். ஜப்பானில் அதுவரை ஆடப்பட்டது ஒன்பதுபேர் ஆட்டம். 1950-களின் இறுதியில்தான் இவர்கள் அறுவர் ஆட்டத்துக்கு மாறினர். அதே களப்பரப்பை மூவர் குறைவாகக் காக்க வேண்டும், எதிரணியினரோ உயரமானவர்கள். இதற்கான விடைதான் 'கைதென் ரெஷீபு' என்ற உருள்தடுப்பு: பாய்ந்து பந்தை எடுத்து, விழுந்த வேகத்திலேயே தோள்வழி உருண்டு, அடுத்த பந்துக்கு எழுந்து நிற்பது. சாய்த்தாலும் நிமிரும் ஜப்பானிய பொம்மையிலிருந்து இந்த எண்ணம் வந்ததாகச் சொல்வார்கள். தஞ்சாவூர்த் தலையாட்டி பொம்மையின் உறவுக்காரி அது. எண்ணம் பயிற்சியாளருடையதாக இருக்கலாம். அதைச் செயலாக்கியவை காயம்பட்டுக் காயம்பட்டுப் பழகிய தோள்கள்.

1960-இல் பிரேசிலில் நடந்த உலகப் போட்டியில் அவர்கள் சோவியத் அணிக்கு அடுத்த இடம் பெற்றனர். 1962-இல் மாஸ்கோவிலேயே அந்த அணியை வென்று உலக வாகையர் ஆயினர். அத்துடன் ஓய்வுபெறுவதே பலரின் எண்ணம். கசாய்க்கு அப்போதே இருபத்தொன்பது வயது. திருமணமாகாத பெண்ணை அந்தக் காலத்துச் சமூகம் எப்படிப் பார்த்தது என்று சொல்லத் தேவையில்லை. ஆனால் டோக்கியோ ஒலிம்பிக்கில் பெண்கள் கைப்பந்து சேர்க்கப்படுவது உறுதியானதும், தொடர்ந்து ஆடும்படி ஆயிரக்கணக்கில் கடிதங்கள் வந்து குவிந்தன. பெண்களுக்கென ஒலிம்பிக்கில் இடம்பெற்ற முதல் குழு விளையாட்டு அது. எவரும் தம்மை வற்புறுத்தவில்லை, தாமே முடிவெடுத்தோம் என்று அந்த அணியினர் பிற்காலத்தில் கூறியிருக்கின்றனர். ஆயிரம் கடிதங்களுக்கு நடுவே எடுத்த முடிவு எவ்வளவு 'தாமே' எடுத்தது என்ற கேள்வியை நாம் எழுப்பலாம். அவர்களின் சொல்லைத் தள்ளிவிட்டு எழுப்பக் கூடாது.

ஒலிம்பிக்கில் ஜப்பான் இழந்தது ஒரேயொரு செட், போலந்திடம். சோவியத்துடனான கடைசி ஆட்டத்தின் மூன்றாம் செட்டில், 14 புள்ளிகளை எட்டிய பிறகும் ஜப்பானுக்கு வெற்றிப்புள்ளி வசப்படவில்லை. சோவியத் அணி 13 வரை நெருங்கி வந்தது. இறுதிப்புள்ளி வந்தது எதிரணியின் வலைப்பிழையால்.

அதன்பின் இருவரின் பாதைகளும் பிரிந்த விதம் கவனிக்கத்தக்கது. தைமாட்சு 1965-இல் சூ என்லாயின் அழைப்பில் சீனா சென்று பயிற்சியளித்தார். 1968-இல் ஜப்பானிய நாடாளுமன்ற மேலவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். கசாயிடம் நாடு கேட்டதோ, எப்போது திருமணம் என்று. பிரதமர் சாத்தோ எய்சாக்குவே முன்னின்று தற்காப்புப்படை அதிகாரி ஒருவரை அறிமுகம் செய்துவைத்தார். 1965-இல் திருமணம் நடந்தது. கசாய் மாசாயே நாகாமுரா மாசாயே ஆனார்.

ஆனால் அவர் பந்தைக் கீழே வைக்கவில்லை. இல்லத்தரசிகளுக்கிடையே பரவிய 'மாமாசான்' கைப்பந்தைப் பல்லாண்டுகள் பயிற்றுவித்து வளர்த்தார். 1970 முதல் அதற்கென நாடளாவிய போட்டியே நடக்கிறது. உலகத் தரத்துக்காக அவர் கைவிட நேர்ந்த ஒன்பதுபேர் ஆட்டமே அங்கு ஆடப்படுவது. 2013 அக்டோபரில், எண்பதாம் வயதில், அவர் காலமானார். இரங்கல் செய்திகளின் தலைப்புகளில் அவர் பெயருக்கு முன்னே நின்றது அப்போதும் 'சூனியக்காரி' என்ற சொல்தான்.