விவரிக்கும் கணிதமும் செயற்படும் கணிதமும்: ஆங்கில மிகுபுனைவில் ஒரு கற்பனைக் கோட்பாட்டின் வளர்ச்சி

இயற்கை விதிகளுக்கு அடங்காத நிகழ்வுகள் நடைபெறும் உலகைப் படைத்துக்காட்டும் இலக்கிய வகை மிகுபுனைவு எனப்படும். அவ்வகைப் படைப்புகளில் மந்திரம் பெரும்பாலும் தெய்வ அருளாகவோ பிறவி ஆற்றலாகவோ மட்டுமே அமைய, இருபதாம் நூற்றாண்டில் ஆங்கிலத்தில் எழுதிய சிலர் அதன் அடியில் ஒரு கணிதக் கோட்பாடு இருப்பதாகக் கற்பித்தனர். 1933 முதல் 2004 வரை வெளிவந்த அத்தகைய சில படைப்புகளை இக்கட்டுரை வரிசைப்படுத்தி ஆராய்கிறது. மறைந்திருக்கும் மெய்ம்மையை விவரிக்கும் கருவியாகத் தொடங்கிய கற்பனைக் கணிதம் மெய்ம்மையை மாற்றும் செயலாகவே வளர்ந்தது என்பதும், அவ்வளர்ச்சி கணிதத் துறையில் உண்மையிலேயே நிகழ்ந்த மாற்றங்களைப் பின்தொடர்ந்தது என்பதும் இக்கட்டுரையின் துணிபு.

இவ்வளர்ச்சியின் பின்புலம் பத்தொன்பதாம் நூற்றாண்டு வடிவியலில் உள்ளது. ஒரு நேர்கோட்டுக்கு வெளியேயுள்ள புள்ளி வழியாக அதற்கு ஒரே ஓர் இணைகோடுதான் வரையமுடியும் என்பது யூக்ளிடின் வடிவியலைத் தாங்கும் அடிகோள்களுள், அதாவது நிறுவாமலே ஏற்கப்படும் அடிப்படைக் கூற்றுகளுள், ஒன்றுக்குச் சமமானது. ருசியாவில் லொபச்செவ்ஸ்கி 1829இலும் ஹங்கேரியில் போயாய் 1832இலும் அதனை விலக்கிவிட்டு வேறொரு வடிவியலைக் கட்டமுடியும் எனக் காட்டினர். ரீமன் 1854இல் ஆற்றிய உரை அச்சிந்தனையைப் பல பரிமாண வெளிகளுக்கு விரித்தது. 1915இல் ஐன்ஸ்டைன் ஈர்ப்பை விளக்க அவ்வடிவியலையே கையாண்டார். நாம் வாழும் வெளியின் அமைப்பு புலன்கள் காட்டுவதிலிருந்து வேறுபடலாம் என்பது இவ்வாறு இயற்பியலில் இடம்பெற்றபின் புனைகதையாளர்களும் அதனை எடுத்துக்கொண்டனர்.

1933 ஜூலையில் 'வியர்ட் டேல்ஸ்' இதழில் வெளியான லவ்கிராஃப்டின் 'சூனியக்காரி வீட்டுக் கனவுகள்' இதன் முதற்கட்டத்தைத் தெளிவாகக் காட்டுகிறது. அதன் நாயகன் வால்டர் கில்மன் யூக்ளிடு சாராத வடிவியலையும் குவாண்டம் இயற்பியலையும் நாட்டார் மந்திரக் கதைகளோடு இணைத்துப் படிக்கும் மாணவன். 1692இல் சேலம் நகரச் சிறையிலிருந்து மறைந்த கெசையா மேசன் என்னும் கிழவி, வெளியின் சுவர்களைக் கடந்து பிற வெளிகளுக்கு வழிகாட்டும் கோடுகளையும் வளைவுகளையும் அறிந்திருந்தாள் என்பது கதை. இங்கு மந்திரம் என்பது அறிஞர்கள் பின்னர் எட்டிய வடிவியலை முன்பே அறிந்திருந்ததன் மறுபெயரே. மேலும் அவ்வெளிகள் ஏற்கெனவே இருப்பவை. கணிதம் அவற்றிற்கான வழியைக் காட்டுகிறதேயன்றி அவற்றை உண்டாக்குவதில்லை.

இரண்டாம் கட்டத்தில் வடிவியலின் இடத்தைக் குறியீட்டுத் தருக்கம் பெற்றது. கூற்றுகளைக் குறியீடுகளாக மாற்றி அவற்றின் தொடர்புகளை ஆராயும் இத்துறைக்கு வைட்ஹெட்டும் ரஸ்ஸலும் 1910 முதல் 1913 வரை மூன்று தொகுதிகளாக வெளியிட்ட 'பிரின்சிப்பியா மாத்தமாட்டிகா' பெருமதிப்பை ஈட்டித் தந்திருந்தது. ஜான் கேம்பெல் ஆசிரியராயிருந்த 'அன்னோன்' இதழில் ஃபிளெட்சர் பிராட்டும் ஸ்பிரேக் டி கேம்ப்பும் 1940இல் இணைந்தெழுதிய இரு குறுநாவல்களுள் ஒன்றின் தலைப்பே 'மந்திரத்தின் கணிதம்' என்பதாகும். அவற்றில் உளவியலறிஞர் ரீட் சாமர்ஸ், எண்ணற்ற உலகங்கள் உள்ளன என்றும், ஓர் உலகின் அடிப்படை எடுகோள்களை மனத்தில் முழுமையாக நிலைநிறுத்துபவர் அவ்வுலகுக்கே பெயர்ந்துவிடுவார் என்றும் கருதுகிறார். அவருடைய இளைய தோழர் ஹரால்டு ஷே தருக்கச் சமன்பாடுகளை ஓதி நார்ஸ் புராண உலகை அடைகிறார். அவ்வுலகின் விதிகள் வேறானவை என்பதால் அவர் கொண்டுசென்ற தீக்குச்சியும் எரிவதில்லை, கைத்துப்பாக்கியும் வெடிப்பதில்லை. பின்னர் ஒரு டிராகனை வரவழைக்கும் முயற்சியில் நூறு டிராகன்கள் தோன்றுவது, மந்திரத்தின் தன்மையை அறிந்தவர்க்கு அதன் அளவைக் கட்டுப்படுத்தும் கணக்கு இன்னும் கைவரவில்லை என்பதைக் காட்டுகிறது. அடிகோள்களைத் தேர்வதே உலகைத் தேர்வதாகும் என்னும் கருத்தை இக்கதைகள் நிகழ்ச்சிகளின் வழியாகவே மெய்ப்பித்துக் காட்டுகின்றன.

1964இல் ராண்டல் காரெட் தொடங்கிய லார்ட் டார்சி கதைகளில் இக்கணிதம் ஒரு சமூகத்தின் முறையான கல்வித்துறையாகிறது. ஒத்தது ஒத்ததை விளைவிக்கும், ஒருமுறை தொட்டவை பிரிந்தபின்னும் ஒன்றையொன்று தாக்கும் என்னும் இரு விதிகளை மானிடவியலாளர் ஃபிரேசர் பழங்குடி மந்திரங்களின் அடிப்படையாகக் கண்டிருந்தார். அவற்றைப் பிராட்டும் டி கேம்ப்பும் கையாண்டதைப் போலவே காரெட்டும் கையாண்டு, உரிமம் பெற்றோரே மந்திரத்தொழில் புரியக்கூடிய மாற்று ஐரோப்பாவொன்றைப் படைத்தார். அங்கு சர் தாமஸ் லெசோ என்னும் பாத்திரம் மந்திரக் கோட்பாட்டில் பெரும்புலமை உடையவர். ஆயினும் பிறவி ஆற்றல் இல்லாமையால் ஒரு சிறு மந்திரத்தையும் அவரால் இயற்ற இயலாது. சமன்பாட்டை அறிதலும் அதனைச் செயற்படுத்துதலும் இங்கு வேறுவேறாகவே நிற்கின்றன.

இவ்விடைவெளியை நிரப்பியது கணினி. ஆலன் டியூரிங் 1936இல் வெளியிட்ட ஆய்வு, கணித்தல் என்பதையே ஓர் எந்திரம் படிப்படியாகச் செய்யத்தக்க செயலாக வரையறுத்தது. 2004இல் நூலாக வந்த சார்லஸ் ஸ்டிராஸின் 'அட்ராசிட்டி ஆர்க்கைவ்ஸ்' இவ்வரையறையை அடித்தளமாகக் கொண்டு, டியூரிங் கண்டறிந்து உலகறியாமல் மறைக்கப்பட்ட தேற்றமொன்றைக் கற்பனை செய்கிறது. அக்கதையுலகில் குறிப்பிட்ட சில கணக்குகளைச் செய்து முடித்தாலே பிற பிரபஞ்சங்களின் கதவுகள் திறந்துவிடும். நாயகன் பாப் ஹோவர்ட், விபரீதம் அறியாமல் எழுதிய வரைகலை நிரலொன்றால் வுல்வர்ஹாம்ப்டன் நகரையே அழிக்கவிருந்தமையால்தான் அரசின் இரகசியத் துறையில் சேர்க்கப்படுகிறார். மந்திரவாதியின் ஆற்றலோ நம்பிக்கையோ இங்குத் தேவையில்லை. எந்திரம் கணித்தாலே போதும்.

இவ்வரிசையில் மந்திரம் மனிதனின் அகத்திலிருந்து படிப்படியாக விலகியமை புலனாகிறது. லவ்கிராஃப்டின் மாணவனுக்கு மறைபொருள் அறிவும், ஷேக்கு மனஒருமையும், காரெட்டின் வல்லுநர்களுக்குப் பிறவி ஆற்றலும் வேண்டியிருந்தன. ஸ்டிராஸின் உலகில் இவற்றுள் எதுவும் வேண்டியதில்லை. அதேவேளை இப்படைப்புகள் அனைத்திலும் கணிதம் ஆற்றலைத் தருவதோடு எல்லையையும் வகுக்கிறது. தீக்குச்சி எரியாத உலகில் ஆசிரியர் தம் வசதிக்காக அதனை எரியவிட இயலாது. அவர் முதலில் வகுத்த அடிகோள்களைக் கொண்டே வாசகர் பின்வரும் ஒவ்வொரு நிகழ்ச்சியையும் சோதிக்கமுடிகிறது. கற்பனைக் கணிதம் மிகுபுனைவுக்கு வழங்கிய நிலையான கொடை, ஆசிரியரையும் வாசகரையும் ஒரே விதிகளுக்கு உட்படுத்தும் இந்த ஒழுங்கேயாகும்.