கடன்பட்டாரும் ஊர் மன்றமும்

மழை பொய்த்ததால் கடன்பட்டுத் திருப்பிக் கொடுக்க இயலாதவன் ஒருவன். ஊரார் பணத்தைக் கையாண்டு கணக்குக் காட்டாதவன் மற்றொருவன். இவ்விருவரையும் ஒரே தட்டில் வைத்து நிறுப்பதற்கு எளிய மக்களின் மனம் இடங்கொடுப்பதில்லை. ஆனால் ஊர் மன்றத்தில் அமரத் தகுதி வகுத்த சட்டங்கள் இவ்வேறுபாட்டை எல்லாக் காலத்திலும் போற்றினவா?

இதற்கு விடை காண, முதலில் காஞ்சிபுரம் மாவட்டத்து உத்தரமேரூருக்குச் செல்ல வேண்டும். முதற் பராந்தக சோழனது ஆட்சியில், 919, 921 ஆகிய ஆண்டுகளில், அவ்வூர்ச் சபையார் வெட்டுவித்த சாசனங்கள் குடவோலைத் தேர்தலுக்கு விதி கூறுகின்றன. கால் வேலிக்கு மேற்பட்ட இறை நிலமும், சொந்த மனையில் கட்டிய வீடும் உடையவராயிருத்தல் வேண்டும். வயது 35க்குக் குறையாமலும் 70க்கு மேற்படாமலும் இருத்தல் வேண்டும். நிலமற்ற ஏழைக்கு அச்சபையில் இடமே இல்லை என்பதை நாம் மறைக்க வேண்டுவதில்லை. எனினும் விலக்கப்பட்டோர் வரிசை கூர்ந்து நோக்கத்தக்கது. முன்னர் வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவரின் பெயரைக் குடத்தில் இடலாகாது. அவருடைய தந்தை, மகன், உடன்பிறந்தான், மாமனார், மைத்துனன் முதலியோரின் பெயர்களையும் இடலாகாது. ஒருவன் செய்த பிழைக்கு மைத்துனன் ஏன் விலக வேண்டும் என்று இன்று நமக்குத் தோன்றும். பொதுப் பணம் உறவினர் வீடுகளில் புகுந்து மறையும் வழியை அச்சபையார் நன்கு அறிந்திருந்தனர் போலும்! தனி மனிதரிடம் வட்டிக்கு வாங்கிய கடனோ அவ்விலக்கு வரிசையில் இல்லை.

ஆங்கிலேயர் காலத்துச் சட்டம் வேறொரு வழியில் வந்தது. பிரிட்டனில் 1883ஆம் ஆண்டின் சட்டம், திவாலானவர் நகர மன்ற உறுப்பினராவதைத் தடுத்தது. அதே கருத்து 1920ஆம் ஆண்டின் மாகாண இன்சால்வென்சிச் சட்டத்தின் 73ஆம் பிரிவாக இந்நாட்டிலும் இடம் பெற்றது. நம் ஊர்ப் பேச்சில் ‘மஞ்சள் கடுதாசி கொடுத்தவர்’ என்கிறோமே, அவர் எந்த ஸ்தல ஸ்தாபனத்துக்கும் தேர்ந்தெடுக்கப்படலாகாது என்றது அப்பிரிவு. ஆயினும் அதிலேயே ஒரு கதவும் திறந்து வைக்கப்பட்டிருந்தது. கடனாளி விடுதலை பெறும்போது, அவர் நொடித்தது தீயொழுக்கத்தால் அன்று, கெட்ட காலத்தால்தான் என்று நீதிமன்றம் சான்று வழங்கினால், தகுதியின்மை நீங்கிவிடும். கடன் வசூலிப்பதற்கென்று எழுதப்பட்ட சட்டத்தில் இவ்வளவு பரிவு இருந்தது வியப்புக்குரியது.

மராட்டிய மாநிலத்தில் வாழும் நேயர்கள், அங்கு நிலவும் 1958ஆம் ஆண்டின் கிராமப் பஞ்சாயத்துச் சட்டத்தை அறிந்திருக்கலாம். பஞ்சாயத்துக்குரிய வரியைக் கேட்புச் சீட்டு வந்து மூன்று மாதத்துக்குள் செலுத்தாதவர் உறுப்பினராக இருக்க முடியாது என்பது அதன் விதிகளுள் ஒன்று. இதில் குறை காண்பது அரிது; வரி விதிக்கும் மன்றத்தில் அமர்பவர் தம் வரியை முதலில் செலுத்துவதுதானே முறை!

ஹரியானா 2015ஆம் ஆண்டில் இவ்வெல்லையைத் தாண்டிச் சென்றது. தொடக்கக் கூட்டுறவு வேளாண்மைச் சங்கத்துக்கோ, மாவட்ட மத்தியக் கூட்டுறவு வங்கிக்கோ பாக்கி வைத்தவரும், மின் கட்டணம் செலுத்தாதவரும் பஞ்சாயத்துத் தேர்தலில் நிற்கலாகாது என்று அம்மாநிலத்தின் திருத்தச் சட்டம் விதித்தது. குறைந்த அளவுப் பள்ளிப் படிப்பும், வீட்டில் பயன்படும் கழிப்பறையும் வேண்டும் என்றும் அச்சட்டம் கூறிற்று. இவற்றை எதிர்த்து எழுந்த ராஜ்பாலா வழக்கில், நீதிபதிகள் செலமேஸ்வர், சப்ரே ஆகியோர் 2015 டிசம்பர் 10 அன்று சட்டம் செல்லும் என்று தீர்ப்பளித்தனர். கிராமக் கடன் சுமையும் உழவர் தற்கொலைகளும் நீதிமன்றத்தின் கண்ணுக்குப் படாமல் இல்லை. ஆனால் அத்தகைய துயரில் ஆழ்ந்தவர் தேர்தலில் நிற்க நாட்டங்கொள்வாரா என்று தீர்ப்பு ஐயுற்றது. பாக்கியைப் பற்றிப் பிணக்கு இருந்தால் அதற்குரிய சட்ட வழியை நாடலாம் என்றும் கூறியது.

என் சிறு அறிவுக்கு இவ்விடம் நெருடுகிறது. நிற்க நாட்டங்கொள்ளாதவரைத் தடுக்கச் சட்டம் எதற்கு? நாட்டங்கொண்டு முன்வரும் ஒருவர் இருப்பாராயின், உழவர் கடனின் வேதனையை மன்றத்தில் எடுத்துரைக்க அவரினும் தக்கவர் யார்? அரசியல் சாசனத்தின் 102ஆம் விதி, கடன் பொறுத்தமட்டில், விடுவிக்கப்படாத திவாலாளியை மட்டுமே பாராளுமன்றத்திலிருந்து விலக்குகிறது. ஆகவே கூட்டுறவுச் சங்கத்துக்குத் தவணை தவறிய ஹரியானா உழவர் ஒருவர், அதன் பொருட்டு லோக்சபைத் தேர்தலில் நிற்பதற்குத் தடையில்லை. தம் சொந்த ஊரின் வார்டு உறுப்பினராவதற்கே தடை.

2016 ஜனவரியில் ஹரியானாவின் பஞ்சாயத்துத் தேர்தல்கள் இப்புதிய விதிகளின்படியே நடந்தேறின. பாக்கியைச் செலுத்தியவருக்கு வழி திறந்தது. செலுத்த இயலாதவர், தம் வயல் காய்ந்தது தம் குற்றமன்று என்று சான்று பெற்று வருவதற்கு, 1920ஆம் ஆண்டுச் சட்டத்தில் இருந்தது போன்ற பிரிவு எதுவும் அத்திருத்தத்தில் இல்லை.