முன்வைப்புத்தொகையும் உள்ளாட்சி அமைப்புகளும்: திரும்பப் பெறும் உரிமையின் வரலாறு

1884ஆம் ஆண்டின் சென்னை மாவட்ட நகராட்சிகள் சட்டமும் அதே ஆண்டின் உள்ளாட்சி வாரியங்கள் சட்டமும் சாலை, விளக்கு, துப்புரவு போன்ற பணிகளை உள்ளாட்சி அமைப்புகளின் பொறுப்பாக்கின. இப்பணிகளில் பல ஒப்பந்ததாரர்களிடம் விடப்பட்டன. விலைப்புள்ளி அளித்தவர் பின்வாங்காதிருக்க ஒரு தொகை முன்னதாகப் பெறப்பட்டது. அத்தொகையை ஒப்பந்ததாரர் திரும்பக் கேட்பது உரிமையா, சலுகை கோரலா என்பதே இங்கு ஆராயப்படுகிறது.

வைப்புத்தொகை இருவகைப்படும். ஒப்பந்தப்புள்ளியுடன் செலுத்தப்படுவது முன்வைப்புத்தொகை. பணி ஆணை பெற்றவர் பணியை முடிக்கும்வரை வைத்திருப்பது பிணைவைப்புத்தொகை. அலுவலக வழக்கில் இரண்டும் ‘டெபாசிட்’ என்ற ஒரே சொல்லால் குறிக்கப்படுகின்றன. சட்டம் அவ்வாறு கருதுவதில்லை. வாங்குபவரின் தவறால் ஒப்பந்தம் முறியும்போது முன்பணத்தை அவர் இழப்பார் என்று பிரிவி கவுன்சில் 1926இல் கூறியது. ஆயினும் இந்திய ஒப்பந்தச் சட்டம் (1872), பிரிவு 74, ஒப்பந்தத்தில் எத்தொகை குறிக்கப்பட்டிருப்பினும் நியாயமான இழப்பீட்டையே அனுமதிக்கிறது. ஏற்கெனவே செலுத்தப்பட்ட தொகையைப் பறிமுதல் செய்வதற்கும் இப்பிரிவு பொருந்தும் என ஃபதே சந்த் வழக்கில் (1963) உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

இவ்வரலாற்றின் திருப்புமுனை மௌலா பக்‌ஷ் வழக்கு (1969). எதிர்த்தரப்பு உள்ளாட்சி அமைப்பன்று, இந்திய அரசு. எனினும் தீர்ப்பின் தருக்கம் நகராட்சிக்கும் ஊராட்சிக்கும் அவ்வாறே பொருந்தும். 1947இல் இராணுவத்திற்கு உருளைக்கிழங்கு, கோழி, முட்டை, மீன் ஆகியவற்றை வழங்க ஒப்புக்கொண்ட ஒருவர் இரு ஒப்பந்தங்களுக்காக மொத்தம் 18,500 ரூபாய் செலுத்தியிருந்தார். அவர் முறையாக வழங்கத் தவறியதால் ஒப்பந்தங்கள் நீக்கப்பட்டன, வைப்புத்தொகையும் பறிமுதலாயிற்று. இது முன்பணமன்று, பிணைவைப்பே என்றது நீதிமன்றம். அரசு அப்பொருள்களை வேறிடத்தில் என்ன விலைக்கு வாங்கியது என்று எளிதில் காட்டியிருக்கலாம், காட்டவில்லை. ஆகவே தொகையை வட்டியுடன் திருப்பித் தர ஆணையிடப்பட்டது. ஒப்பந்ததாரர் தவறியவர் என்பதில் ஐயமில்லை. அவ்வாறிருந்தும் அவர் பணம் மீண்டது என்பதே இத்தீர்ப்பின் சிறப்பு. அதற்கு இருபத்திரண்டு ஆண்டுகள் ஆயின என்பதையும் மறத்தற்கில்லை.

முன்வைப்புத்தொகை குறித்து நீதிமன்றம் இத்துணை இரக்கம் காட்டவில்லை. நெடுஞ்சாலை ஆணையம் தொடர்பான 2003ஆம் ஆண்டுத் தீர்ப்பு, செல்லுபடிக் காலத்திற்குள் விலைப்புள்ளியைத் திரும்பப் பெற்றவரின் தொகையைப் பறிமுதல் செய்தது சரியே என்றது. ஆனால் கைலாஷ் நாத் வழக்கில் (2015) தில்லி வளர்ச்சி ஆணையம் 78 இலட்சம் ரூபாயைத் திருப்பித் தர நேர்ந்தது. 1982இல் 3.12 கோடி ரூபாய்க்கு ஏலம்போன மனையை ஆணையம் பின்னர் 11.78 கோடி ரூபாய்க்கு விற்றிருந்தது. அதில் இழப்பு எங்கே?

தமிழ்நாட்டில் 1998ஆம் ஆண்டின் ஒப்பந்தப்புள்ளிகளில் வெளிப்படைத்தன்மைச் சட்டம் உள்ளாட்சி அமைப்புகளையும் உள்ளடக்கியது. 2000ஆம் ஆண்டின் விதிகள் முன்வைப்புத்தொகைக்குக் கொள்முதல் மதிப்பில் ஒரு விழுக்காடு என உச்சவரம்பு வகுத்தன. தொகையின் அளவு இவ்வாறு கட்டுக்குள் வந்தபோதும் திரும்பப் பெறும் நடைமுறை பெரிதும் ஒப்பந்ததாரர் மனுவையே சார்ந்துள்ளது. கணக்கியல் நோக்கில் வைப்புத்தொகை அமைப்பின் வருவாயன்று, அது திருப்பித் தரவேண்டிய கடன். கடன் கொடுத்தவரோ, ‘தயவுகூர்ந்து விடுவிக்குமாறு’ பணிந்து எழுதுகிறார்! மனுவின் இந்நடை தற்செயலானதன்று. கோரிக்கை வராதவரை தொகை பதிவேட்டிலேயே கிடக்கும். மூன்று முழுக் கணக்காண்டுகள் கோரப்படாத வைப்புகளைக் காலாவதியானவையாக வரவில் சேர்ப்பது கருவூலக் கணக்கு மரபு. அதனால் உரிமை அழிவதில்லை. ஆனால் பணத்தை மீட்க மேலும் ஓர் ஒப்புதல் தேவையாகிறது. சிறு ஒப்பந்ததாரர் பலருக்குச் செயல்முதலின் ஒரு பகுதி இத்தகைய வைப்புகளில் முடங்கிவிடுகிறது. பறிமுதல் ஆணை என்று ஒன்று இருந்தால் அதை எதிர்த்து வழக்கிடலாம். ஆணையே பிறக்காமல் பதிவேட்டில் தங்கிவிட்ட தொகைக்கு எதிர்க்கத்தக்க முடிவு எதுவும் இல்லை.