கிரேசி மோகன்

கிரேசி மோகன் (அக்டோபர் 16, 1952 - ஜூன் 10, 2019) தமிழ் நாடக ஆசிரியர், திரைப்பட வசனகர்த்தா மற்றும் நடிகர் ஆவார். இவரது இயற்பெயர் மோகன் ரங்காச்சாரி. சென்னையின் சபா மேடைகளில் வளர்ந்த நகைச்சுவையைத் திரைப்படத்திற்குக் கொண்டு சென்றவர்களில் முதன்மையானவராகக் கருதப்படுகிறார்.

வாழ்க்கைக் குறிப்பு

கிண்டி பொறியியல் கல்லூரியில் இயந்திரப் பொறியியல் பயின்றார். மாணவராக இருந்தபோதே கல்லூரி விழாக்களுக்கு நாடகங்கள் எழுதினார். பின்னர் சுந்தரம் கிளேட்டன் நிறுவனத்தில் பணியாற்றினார். எழுத்தையே முழுநேரத் தொழிலாகக் கொள்ளும் பொருட்டு அவ்வேலையைத் துறந்தார். மயிலாப்பூரை அடுத்த மந்தைவெளியில் வசித்தார். நடிகர் மாது பாலாஜி இவரது தம்பி ஆவார்.

நாடகத்துறை

எஸ். வி. சேகரின் நாடகக் குழுவிற்காக 1976 ஆம் ஆண்டு இவர் எழுதிய "கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்" பெரும் வரவேற்பைப் பெற்றது. அதன் தலைப்பிலிருந்தே "கிரேசி" என்ற அடைமொழி இவருடன் ஒட்டிக்கொண்டது. 1979 இல் கிரேசி கிரியேஷன்ஸ் என்னும் சொந்தக் குழுவைத் தொடங்கினார். இக்குழுவின் நாடகங்களை எஸ். பி. காந்தன் இயக்கினார், மாது பாலாஜி முதன்மைப் பாத்திரங்களில் நடித்தார்.

மாது, சீனு, ஜானகி ஆகிய பெயர்கள் இவரது நாடகங்களில் மீண்டும் மீண்டும் வரும். ஜானகி என்பது இவரது பள்ளி ஆசிரியையின் பெயராகும். "மாது +2", "மீசை ஆனாலும் மனைவி", "சாக்லேட் கிருஷ்ணா" ஆகியவை குறிப்பிடத்தக்க நாடகங்கள்.

திரைத்துறை

இவரது "மேரேஜ் மேட் இன் சலூன்" நாடகத்தை கே. பாலசந்தர் 1983 இல் "பொய்க்கால் குதிரை" என்ற பெயரில் படமாக்கினார். "அபூர்வ சகோதரர்கள்" படத்திலிருந்து கமல்ஹாசனுடன் நீண்டகாலக் கூட்டணி அமைந்தது. இவர் வசனம் எழுதிய படங்களுள் சில:

* அபூர்வ சகோதரர்கள் (1989)
* மைக்கேல் மதன காமராஜன் (1990)
* மகளிர் மட்டும் (1994)
* சதிலீலாவதி (1995)
* அவ்வை சண்முகி (1996)
* அருணாசலம் (1997)
* காதலா காதலா (1998)
* தெனாலி (2000)
* பம்மல் கே. சம்பந்தம் (2002)
* பஞ்சதந்திரம் (2002)
* வசூல்ராஜா எம்.பி.பி.எஸ். (2004)

இவற்றுள் சிலவற்றின் மூலக்கதை வேறு மொழிகளுடையது. "வசூல்ராஜா" இந்திப் படத்தின் மறுவாக்கம். "அவ்வை சண்முகி" ஓர் ஆங்கிலப் படத்தைத் தழுவியது. எனினும் சிலேடையும் வட்டார வழக்கும் கலந்த வசனங்கள் அவற்றைத் தமிழ்ச் சூழலுக்கு உரியவையாக மாற்றின. "வசூல்ராஜா"வில் மருத்துவர் வேடத்திலும் நடித்தார்.

எழுத்து நடை

ஒரு சொல்லைப் பேசுபவர் ஒரு பொருளிலும் கேட்பவர் வேறு பொருளிலும் கொள்வதால் எழும் குழப்பமே இவரது நகைச்சுவையின் அடிப்படை. ஆள்மாறாட்டம் அக்குழப்பத்தை வளர்க்கும். நால்வர் ஒரே உருவில் தோன்றும் "மைக்கேல் மதன காமராஜன்" இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. அதில் பாலக்காட்டுச் சமையற்காரரின் பேச்சுவழக்கும் நகைச்சுவைக்குப் பயன்பட்டுள்ளது.

சபா நாடகங்கள் கதையமைப்பின்றித் துணுக்குகளைக் கோத்தவை என்ற விமர்சனம் பொதுவாக உண்டு. இவரது நாடகங்களும் அதற்கு விலக்கல்ல. மேடையில் சிரிப்பு அடங்கும்வரை நடிகர் காத்திருக்கலாம்; திரையில் அது இயலாது. ஆகவே இவர் எழுதிய படங்களில் ஒரு வசனத்திற்கு எழும் சிரிப்பில் அடுத்த வசனம் அமுங்கிவிடுவதுண்டு. இப்படங்களை இரசிகர்கள் பலமுறை பார்ப்பதற்கு இதுவும் ஒரு காரணமாகும்.

பிற ஈடுபாடுகள்

வெண்பா இயற்றுவதிலும் ஓவியம் வரைவதிலும் ஈடுபாடு கொண்டிருந்தார். தமிழக அரசின் கலைமாமணி விருதைப் பெற்றவர்.

மறைவு

ஜூன் 10, 2019 அன்று மாரடைப்பால் சென்னையில் தமது 66 ஆவது வயதில் காலமானார்.