கிடாரவன் என்னும் அகில்

சிலப்பதிகாரத்திற்கு அடியார்க்குநல்லார் வகுத்த உரையை உ. வே. சாமிநாதையர் 1892ஆம் ஆண்டில் நூலோடு சேர்த்து அச்சிட்டு வெளியிட்டார். அவ்வுரையுள், படிப்போர் பெரும்பாலும் விரைந்து கடந்து செல்லும் இடம் ஒன்று ஊர்காண் காதையில் உண்டு. மதுரையில் வீசும் காற்றுகளைப் பருவந்தோறும் சொல்லி வரும் இளங்கோவடிகள், கீழ்த்திசையிலிருந்து புகும் கொண்டற்காற்று, கப்பற்கூட்டத்தில் தொண்டியோர் ஏற்றிவிட்ட அகிலையும் துகிலையும் ஆரத்தையும் வாசப் பொருள்களையும் கருப்பூரத்தையும் உடன்கொண்டு வந்ததாகக் கூறுகிறார். இப்பொருள்கள் ஒவ்வொன்றிற்கும் உரையாசிரியர் வகைகளைத் தொகுத்துத் தருகிறார். அகிலின் வகைகளாக அவர் தரும் பெயர்கள் அருமணவன், தக்கோலி, கிடாரவன், காரகில் என்பன.

இந்நான்கனுள் காரகில் நிறத்தால் பெற்ற பெயர். ஏனைய மூன்றும் ஊரால் பெற்ற பெயர்கள். அருமணம் என்பது கீழைப் பர்மாவில் மோன் மக்கள் வாழ்ந்த இராமண்ண தேசம். தக்கோலம் என்பது மலாய்த் தீபகற்பத்தின் மேற்குக் கரையில், இன்று தாய்லாந்தின் எல்லைக்குள் அமைந்த பழந்துறைமுகம். கிடாரம் என்பது கடாரம். அதாவது, பேராக் மாநிலத்தின் வடமேற்கு எல்லையைத் தொட்டுக்கொண்டிருக்கும் கெடா. காங்கேயத்துக் காளையைக் காங்கேயன் என்றும், ரங்கூனிலிருந்து வந்த அரிசியை ரங்கூன் அரிசி என்றும் நம் மக்கள் வழங்கியது போலவே, அக்காலத்து வணிகர் கெடாவிலிருந்து வந்த மணக்கட்டையைக் ‘கிடாரவன்’ என்று கூப்பிட்டிருக்கின்றனர். கடைத்தெருவில் நாள்தோறும் புழங்கிய பண்டத்திற்கே இத்தகைய செல்லப்பெயர் வாய்க்கும்.

இவ்வூர்ப் பெயர்களை நாம் வேறோர் இடத்திலும் கண்டிருக்கிறோம். முதலாம் இராசேந்திரன் 1025ஆம் ஆண்டையொட்டிக் கடல் கடந்து கொண்ட ஊர்களைப் பட்டியலிடும் மெய்க்கீர்த்தியில் கடாரமும் தலைத்தக்கோலமும் உள்ளன. வரலாற்றுப் பாடத்தில் அப்பட்டியலை மாணவர்க்கு நாம் ஒப்பிக்கச் செய்கிறோம். கடற்படை சென்ற ஊர்களுள் இரண்டின் பெயரால் மதுரையிலும் புகாரிலும் மரக்கட்டை விற்றது என்பதைச் சேர்த்துச் சொல்வதில்லை. அரசன் எதற்காகக் கடல் கடந்தான் என்னும் கேள்விக்கு வீரம் என்ற ஒரே விடையைத் தந்துவிட்டு அமைகிறோம். கல்வெட்டு அறியாத செய்தியை உரைநூல் அறிந்திருக்கிறது.

இனி, அகில் எங்கிருந்து வந்தது என்பதைப் பார்ப்போம். தமிழ் இலக்கியம் முழுவதிலும் அதற்கு ஒரே விடை இல்லை. கடியலூர் உருத்திரங்கண்ணனார் பட்டினப்பாலையில் புகார் வீதியின் பண்டங்களைத் திசைவாரியாக அடுக்குகிறார். அங்கே ஆரமும் அகிலும் குடமலையில், அதாவது மேற்கு மலையில், பிறந்தவை. அதே பட்டியலில் காழகத்திலிருந்து வந்த ஆக்கம் தனியே எண்ணப்படுகிறது. காழகம் என்பதற்குக் கடாரம் என்று நச்சினார்க்கினியர் பொருள் எழுதினார். ஆகவே பட்டினப்பாலைப் புலவர்க்குக் கடாரத்துச் சரக்கு வேறு, அகில் வேறு. குறுந்தொகையில் மலைவாணர் புனம் சுடும்போது எரிந்த அகிலின் புகை, மழை பொழிந்து ஓய்ந்த மேகம் போல மலைப்பக்கம் செல்கிறது. திருமுருகாற்றுப்படையின் இறுதியில் பழமுதிர்சோலை அருவி அகிலைச் சுமந்துகொண்டு இழிகிறது. இவையெல்லாம் நம் மலையில் நின்ற மரத்தைக் கண்ணால் கண்டவர் பாடியவை. சிலப்பதிகாரத்திலோ அகில் கப்பலேறிக் கீழ்க்காற்றோடு வருகிறது.

சொல் ஒன்றே, மரம் இரண்டு. மேற்குத் தொடர்ச்சி மலையின் பசுங்காடுகளில் வெள்ளகில் என்று வழங்கும் உயர்ந்த மரம் ஒன்று உண்டு. தாவர நூல்கள் அதனை டைசோக்சைலம் மலபாரிக்கம் என்று குறித்து வந்துள்ளன. அது வேம்பின் குடும்பத்தைச் சேர்ந்தது. கட்டை இயல்பாகவே மணமுடையது. கீழ்த்திசை அகில் தரும் மரம் அக்குயிலாரியா எனப்படுவது; குடும்பமே வேறு. அசாம் முதலிய வடகிழக்கு மலைகளிலும், மலாயா, சுமத்திரா, போர்னியோ காடுகளிலும் அது இயற்கையாக வளர்கிறது. தென்னாட்டு மலைகள் அதற்குத் தாயகம் அல்ல. குறிஞ்சிப் புலவர் பாடியது முன்னதை என்றும், அடியார்க்குநல்லார் வகைப்படுத்தியது பின்னதை என்றும் கொள்வதே பொருந்தும். மேலான மணம் கீழ்க்கடலிலிருந்து வரத் தொடங்கிய பின்னர், மலைமரத்தின் பெயரை வணிகர் அதற்கு இட்டு வழங்கினர். நெடுநல்வாடையில் வாடைக்காலத்து மனையில் புகைக்கப்படும் அகிலுக்குக் கரிய காழுடையது என்ற அடைமொழி வருகிறது. காழ் என்பது வயிரம். அந்த அகில் எந்த அகில்? கரிய வயிரம் என்ற குறிப்பைக் காணும்போது கடல் கடந்த கட்டை அந்நாளிலேயே வரத் தொடங்கியிருக்கலாம் என்று என் மனம் சாய்கிறது. எனினும் ஓர் அடைமொழியைக் கொண்டு வழக்கை முடித்துவிட முடியாது.

கரிய வயிரம் என்றதைச் சற்று விளக்க வேண்டும். அக்குயிலாரியா மரத்தின் நலமான கட்டை வெளிறியது, எடை குறைந்தது, மணமற்றது. மின்னலோ புழுவோ கத்தியோ மரத்தைப் புண்படுத்தி, அப்புண்ணில் பூஞ்சை பற்றும்போது, மரம் தன்னைக் காத்துக்கொள்ளக் கரிய பிசினைச் சுரக்கிறது. பிசின் ஊறிய பகுதி கறுத்துக் கனக்கிறது. அதுவே அகில். காட்டில் பல மரங்களை வெட்டினாலும் ஒன்றிரண்டிலேயே அது அகப்படும். பிசின் மிகுந்த கட்டை நீரில் அமிழும் என்பதால், சீனர் அதற்கு ‘அமிழும் மணம்’ என்ற பொருளில் பெயர் வைத்தனர். தென்சீனத் துறைமுகமான சுவான்சோவில் கடல் வணிக அதிகாரியாக இருந்த சாவ் ஜூகுவா 1225இல் எழுதிய நூலில், கம்போசத்து அகில் முதல்தரம், சம்பாவினது அடுத்தது, ஸ்ரீவிசயம், சாவகம் ஆகியவற்றினது கடைத்தரம் என்று வகுத்தார். கிடாரவனுக்குச் சீனச் சந்தையில் அவ்வளவு மதிப்பு இருந்திராது போலும். அந்தச் சுவான்சோவிலேயே 1281ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு ஒன்று கிடைத்திருக்கிறது என்பதையும், சுமத்திராவின் பாருசில் ஐந்நூற்றுவர் வணிகக்குழுவினர் 1088இல் தமிழில் கல்வெட்டு நாட்டினர் என்பதையும் இங்கு நினைவு கொள்ளலாம். ஊரால் சரக்கைத் தரம் பிரிக்கும் வழக்கத்தைத் தமிழ் உரையாசிரியரும் சீன அதிகாரியும் ஒரே வணிகக் கடலிலிருந்து பெற்றனர்.

சரக்கு கிழக்கிலிருந்து மேற்கே செல்ல, சொல்லும் மேற்கே சென்றது. வடமொழியில் அகரு, அகுரு, கிரேக்கத்தில் அகல்லோகோன், எபிரேயத்தில் அகாலிம். இவை யாவும் ஒரே சொல்லின் திரிபுகள் என்று மொழிநூலார் பலர் கொள்வர். அச்சொல் முதலில் தமிழதா, வடமொழியதா, இவ்விரண்டிற்கும் மூத்த கீழ்த்திசை மொழி ஒன்றனதா என்ற வாதம் நெடுங்காலமாக நடக்கிறது. தமிழதே என்று மேடையில் முழங்குவது எளிது, கைதட்டலும் கிடைக்கும். சொல் நடந்த வழியை மாணவர்க்குக் காட்டுவதே எனக்கு அதனினும் பயனுடையதாகத் தோன்றுகிறது.

அவ்வழியில் வேடிக்கைகளும் உண்டு. மேலைக் கடற்கரைக்கு வந்த போர்த்துகேயர் ‘அகில்’ என்று மலையாளிகள் சொல்லக் கேட்டு, தம் நாவிற்கேற்ப ‘ஆகிலா’ என்றனர். இலத்தீனில் அதனை ஒத்து ஒலிக்கும் ‘அக்குயிலா’ என்பது கழுகைக் குறிக்கும் சொல். அவ்வளவுதான், ஐரோப்பியருக்கு அகில் கழுகுமரம் ஆயிற்று. ஆங்கிலேயரும் ‘ஈகிள் வுட்’ என்றே வழங்கினர். 1783இல் பிரெஞ்சுத் தாவர அறிஞர் லமார்க் மலாக்காவின் பெயரையும் சேர்த்து அக்குயிலாரியா மலாக்கென்சிஸ் என்று நூலில் ஏற்றினார். அம்மரத்தில் கழுகிற்கு எந்தப் பங்கும் இல்லை. கிரேக்கச் சொல்லோ வேறொரு மரத்தின்மேல் ஏறிக்கொண்டது. சிதம்பரத்திற்குத் தில்லை என்ற பெயரைத் தந்த உப்பங்கழி மரத்திற்குத் தாவரப் பெயர் எக்ஸ்கோகாரியா அகல்லோகா. முதற்சொல் கண்ணைக் குருடாக்குவது என்னும் பொருளது. தில்லையின் பால் கண்ணில் பட்டால் அப்படியே ஆகும். மலாய்க்காரர் அதனைப் ‘பூத்தா பூத்தா’ என்பர். பூத்தா என்றால் குருடு. இப்படி அகிலின் பெயர் தில்லையின் வாலில் போய் ஒட்டிக்கொண்டது.

எல்லாவற்றினும் என்னை நிறுத்தியது விவிலியத்தின் ஓரிடம். சங்கீதம் 45இல் அரசனின் ஆடைகளில் கமழும் மணப்பொருள்களுள் ஒன்றாக எபிரேய மூலத்தில் மேலே சொன்ன அகிற்சொல் வருகிறது. நெடுங்காலமாகத் தமிழ்த் திருச்சபைகளில் வழங்கும் பழைய மொழிபெயர்ப்பில் அவ்விடத்தில் நிற்பது சந்தனம். கடல்கள் தாண்டிச் சென்ற சொல், தமிழ் எழுத்தில் திரும்பி வரும் வாய்ப்பு வந்தபோது, வாயிலில் யாரும் அதனை அடையாளம் காணவில்லை. மொழிபெயர்த்தோரைக் குறை சொல்ல எனக்குத் தகுதி இல்லை. கிட்டத்தட்ட அதே பிழையை நான் வகுப்பறையில் பல ஆண்டுகள் செய்திருக்கிறேன்.

செய்யுட் பாடத்தில் அகில் என்ற சொல் வந்தால் கரும்பலகையில் ‘ஒருவகை நறுமண மரம்’ என்று எழுதிவிட்டு அடுத்த சொல்லிற்குப் போவேன். ஆசிரியர் பயிற்சிக் காலத்தில் எனக்குக் கற்பித்தவரும் அவ்வாறே எழுதினார். மாணவர் அதனைப் படியெடுத்துத் தேர்வில் எழுதி மதிப்பெண் பெற்றனர். ஒரு முறை அகர் என்பதும் அகில்தான் என்று சொல்லியபோது, கடைசி வரிசை மாணவன் ஒருவன் கூழ்மமாகக் குளிரவைத்து உண்ணும் அகர் அகரா என்று கேட்டான். அது கடற்பாசிக்குரிய மலாய்ச் சொல்; இதனோடு உறவில்லாதது. ஆனால் அவன் கேள்வியில் ஒரு நியாயம் இருந்தது. நான் காட்டாத மரத்தை அவன் வேறு எங்கே தேடுவான்?

அம்மரம் பேராக் காடுகளிலேயே இருக்கிறது. மலாய்மொழியில் மரத்திற்கு காராஸ் என்றும், அதனுள் விளையும் கரிய மணக்கட்டைக்கு கஹாரு என்றும் தனித்தனிப் பெயர்கள் உண்டு. தமிழில் மரம், கட்டை இரண்டிற்கும் அகில் ஒன்றே பெயர். இவ்வகையில் மலாய்மொழி நம்மினும் நுணுக்கமாகப் பிரித்திருக்கிறது. காட்டுள் சென்று கஹாரு தேடும் திறம் தலைமுறை தலைமுறையாகப் பழங்குடி மக்களிடம் இருந்து வந்தது. கஹாரு என்ற சொல் வடமொழி அகருவின் வழியே மலாய்க்கு வந்தது. செண்டானா என்ற சந்தனமும் அப்படியே. தெரிந்துகொண்டே கேட்பவனைக் கிண்டல் செய்யும் மலாய்ப் பழமொழி ஒன்று கஹாருவையும் செண்டானாவையும் இணைத்தே தொடங்கும். நம் புலவர்கள் அகிலையும் ஆரத்தையும் இணைபிரியாமல் பாடியது போன்றே அம்மொழியிலும் அவை இரட்டையராய் நிற்கின்றன. தேசியப்பள்ளி மாணவர் அப்பழமொழியை மனப்பாடமாகச் சொல்வர். தமிழ்ப்பள்ளி மாணவரும் மலாய்ப் பாடத்தில் அதனைக் கற்கின்றனர். அடுத்த பாடவேளையில் அதே பொருள் அகில் என்ற பெயரோடு வரும்போது இரண்டும் ஒன்றென்று அவர்க்குச் சொல்வாரில்லை.

கோலா கங்சாரில் இதனை எழுதுவதால் மற்றொரு மரமும் நினைவிற்கு வருகிறது. 1877இல் சிங்கப்பூரிலிருந்து கொண்டுவரப்பட்ட ரப்பர்க் கன்றுகள் பேராக் ரெசிடெண்டாயிருந்த ஹியூ லோவின் முயற்சியால் இவ்வூரில் நடப்பட்டன. அவற்றுள் ஒன்று எனப்படும் முதுமரம் மாவட்ட அலுவலகத்தருகே வேலியிட்டுக் காக்கப்படுகிறது. அம்மரத்திற்காகவே நம் முன்னோர் இந்நாட்டிற்கு ஏற்றிவரப்பட்டனர். பிரேசிலிலிருந்து புறப்பட்டு வந்த அந்நிய மரத்திற்கு அவர்கள் பால்மரம் என்று அழகிய தமிழ்ப்பெயர் சூட்டிக்கொண்டனர். அந்த நிரைகள் முடிந்து காடு தொடங்கிய இடத்தில், சங்கம் தொட்டுத் தமிழ்ப்பெயர் கொண்ட சரக்கைத் தரும் மரம் நின்றது. அதற்குப் பெயர் சூட்ட வேண்டிய தேவையே இல்லை. அறிமுகம் செய்துவைப்பார்தாம் இல்லை.

இப்போது காட்டு மரம் அருகிவிட்டது. அக்குயிலாரியா மலாக்கென்சிஸ் 1995 முதல் அருகிவரும் உயிரினங்களின் பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தும் ஒப்பந்தத்தின் இரண்டாம் பட்டியலில் இருக்கிறது. 2004இல் பாங்காக்கில் கூடிய மாநாடு அவ்வினம் முழுவதையும் அப்பட்டியலில் சேர்க்க முடிவு செய்தது. பேராக்கிலேயே கோப்பெங் வட்டாரத்தில் அதனைத் தோட்டப்பயிராக வளர்த்து, இலையைத் தேநீராகவும் ஆக்கியிருக்கின்றனர். அடிமரத்தில் துளையிட்டுப் பூஞ்சையைச் செலுத்தி, இயற்கை பல ஆண்டுகளில் செய்வதைச் சில ஆண்டுகளில் செய்விக்கும் முறையும் வந்துவிட்டது.

சென்ற ஆண்டு சிறு துண்டு கஹாரு ஒன்றை வாங்கி வந்து வகுப்பில் சுற்றுக்கு விட்டேன். வெளிறிய கட்டையினூடே கரிய கோடுகள் ஓடியிருந்தன. முகர்ந்து பார்த்த மாணவர், மணமே இல்லை என்றனர். தணலில் ஒரு சீவலை இட்டதும் மெல்லிய நீலப்புகை எழுந்தது. கரும்பலகையில் அகில் என்றும், அதன்கீழ் கஹாரு என்றும், அதன்கீழ் கிடாரவன் என்றும் எழுதினேன். நான் விளக்கம் தொடங்குமுன் முன்வரிசைச் சிறுமி ஒருத்தி எழுந்து நின்று, “ஐயா, இந்த வாசம் எனக்குத் தெரியும். வெள்ளிக்கிழமை பள்ளிவாசல் பக்கமாகப் போகும்போது வருமே, அதுதானே?” என்றாள்.