கூட யாரு வந்திருக்கா?

1/ வெறுப்பை விட்டு வெளியே வந்த ஒரு இளைஞரின் வரலாறு இது. நம்ம தர்மபுரிக்கும் இதில் பாடம் இருக்கு. கொஞ்சம் பொறுமையா படிங்க.

2/ பன்வர் மேக்வன்ஷி. ராஜஸ்தான், பில்வாரா மாவட்டத்து தலித் குடும்பம். 13 வயசுல ஆர்.எஸ்.எஸ். ஷாகாவுக்குப் போனார். கொள்கை தெரிஞ்சு போகலைங்க. ஊர்ல ஒரு வாத்தியார் பசங்களைக் கூட்டி விளையாட விட்டார். ஆரம்பம் அதுதான்.

3/ முஸ்லிம்கள் மேல வெறுப்பு மெல்ல ஏறியது. 1990-ல் கரசேவைக்காக அயோத்திக்குக் கிளம்பினார். வழியிலேயே கைதாகி ஆக்ராவில் அடைக்கப்பட்டார். முழுநேரப் பிரச்சாரகர் ஆகணும்னு ஆசை வேற.

4/ பிறகு ஒரு யாத்திரை அவர் ஊர் வழியா வந்தது. வந்தவங்களுக்கு வீட்டில் சமைத்து வைத்தார். "கட்டிக் கொடுத்துடு, அடுத்த ஊர்ல சாப்பிடுறோம்" என்றார்கள். அந்தச் சாப்பாடு ரோட்டோரம் வீசப்பட்டதைப் பிறகுதான் கேள்விப்பட்டார். மேலிடத்தில் முறையிட்டும் நியாயம் கிடைக்கலை.

5/ கவனிங்க: உண்மை தெரிஞ்ச உடனே அவர் விடுதலை ஆகிடலை. விஷம் குடித்தார். பிழைத்தது பெரிய விஷயம். நம்பிக்கை, நண்பர்கள், அடையாளம் எல்லாம் ஒரே நாளில் போயிடுச்சு இல்லையா?

6/ பிழைத்த பிறகும் முதலில் வந்தது கோபம்தான். அப்புறம் அம்பேத்கரைப் படித்தார். பத்திரிகையாளர் ஆனார். தகவல் உரிமைக்காகப் போராடிய மஸ்தூர் கிசான் சக்தி சங்கடனோடு வேலை செய்தார். 2019-ல் தன் கதையை இந்தியில் புத்தகமாக்கினார். இதுக்கு எத்தனை வருஷம் பாருங்க!

7/ ஜெர்மனியில் நவநாஜிகளை விட்டு வர்றவங்களுக்கு உதவ 2000-ல் 'எக்ஸிட்' அமைப்பு தொடங்கினாங்க. தொடங்கியவர்களில் ஒருத்தரான இங்கோ ஹாசல்பாக்கே முன்னாள் நவநாஜித் தலைவர். வெளியே வந்தவனுக்குத் துணை வேணும்னு அவருக்குத் தெரியும்.

8/ நம்ம ஊருக்கு வருவோம். 2012 நவம்பர் 7, நாயக்கன்கொட்டாய் பக்கம் நத்தம், அண்ணா நகர், கொண்டம்பட்டி. 250-க்கும் மேற்பட்ட தலித் வீடுகள் தாக்கப்பட்டன. அது சாதி வெறி, மேலே சொன்னது மத அரசியல். ரெண்டுக்கும் ஆள் சேர்க்கிற வயசு ஒண்ணுதான்.

9/ விஷம் குடிச்சு வர்றவங்ககிட்ட கேஷுவாலிட்டியில நாங்க கேட்கிற கேள்வி: "கூட யாரு வந்திருக்கா?" கூட்டத்தை விட்டு வர்ற பையனுக்கும் அதே கேள்விதான். "அன்னிக்கே சொன்னேன்ல" என்று குத்திக் காட்டாதீங்க. உள்ளே கூப்பிட்டு, சாப்பாடு போடுங்க.

(மனசு தாங்கலைன்னா 104 அல்லது 14416-க்கு அழையுங்க.)