அடிவாரத்தில் இட்ட கோடு

வகுப்பறைச் சுவரிலே தொங்கும் தேசப்படத்தைக் காட்டி, சமவெளிக்குப் பச்சை, மலைக்குப் பழுப்பு என்று மாணவர்க்குச் சொல்லித் தருகிறோம். இரண்டுக்கும் இடையே மங்கலாய் ஒரு மஞ்சள் பட்டை. அதைப் பற்றிப் பாடமும் இல்லை, தேர்விலே கேள்வியும் இல்லை! அந்த மஞ்சள் பட்டையிலேதான் பாப்பிரெட்டிப்பட்டி இருக்கிறது.

ஒருபுறம் சேர்வராயன் மலை, மறுபுறம் சித்தேரி மலை. விண்ணை முட்டும் சிகரங்கள் அல்ல. சேர்வராயன் உச்சியே ஏறத்தாழ 1,600 மீட்டர்தான். மழை மேலே பொழியும், வாணியாறு இறங்கி வரும், வயல் கீழே விளையும். மலைமேல் வாழும் பழங்குடியினர் மலையாளிகள் எனப்படுவர். கேரளத்தாரல்லர், தமிழ் பேசும் மக்கள். தம் முன்னோர் காஞ்சியிலிருந்து வந்தவர் என்பது அவர்கள் வழிவழியாய்க் கூறும் கதை. கதையை வரலாறென்று நாம் கொள்ளவேண்டியதில்லை. எனினும், மலையும் சமவெளியும் அந்நியமல்ல என்ற நினைவு அதிலே வாழ்கிறது.

பிரித்தது யார்? 1792இல் திப்பு சுல்தானிடமிருந்து பாராமகாலைப் பறித்த கும்பினியார், கேப்டன் ரீடையும் மன்றோவையும் அனுப்பி நிலத்தை அளந்தனர், வரி விதித்தனர். 1820களில் கலெக்டர் காக்பர்ன் சேர்வராயனில் காப்பியைப் புகுத்தினார். 1882இல் வந்தது சென்னை வனச் சட்டம். மலைச்சரிவுகள் காப்புக்காடுகளாயின. நேற்றுவரை மேய்ச்சல், இன்று அத்துமீறல்! நேற்றுவரை விறகு, இன்று திருட்டு! உரிமை உண்டென்போர் குறித்த காலத்துக்குள் மனுப்போடலாம் என்றது சட்டம். எழுத்தறிவே எட்டாதபடி வைக்கப்பட்டவன் எங்ஙனம் மனுப்போடுவான்?

1947இல் வெள்ளையர் போனார்; கோடு போகவில்லை. அடிவாரத்தில் வாழ்பவன் அதிகாரியின் கண்ணுக்கு என்றும் சந்தேகத்துக்குரியவன்.

1992 ஜூன் 20. சித்தேரி மலையடிவாரத்து வாச்சாத்தியில் சந்தனக்கட்டை தேடுவதாகக் கூறி வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறையினர் திரண்டு புகுந்தனர். வீடுகள் நொறுங்கின, கிணறுகள் பாழாயின, 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாயினர். காட்டைக் காக்க வந்த சட்டம், காட்டோரத்து மனிதனைக் காக்கவில்லை. சந்தன மரத்துக்கு இருந்த மதிப்பு, தோழர்களே, அம்மகளிர் மானத்துக்கு இல்லை!

அம்மக்கள் ஓயவில்லை. பழங்குடியினர் சங்கமும் இடதுசாரிகளும் துணைநின்றனர். 2011 செப்டம்பர் 29இல் தருமபுரி நீதிமன்றம், குற்றஞ்சாட்டப்பட்ட 269 பேரும் குற்றவாளிகளே என்றது. அதற்குள் 54 பேர் இறந்துபோயிருந்தனர். இடையே, 2006இல், வனவாழ் மக்களின் உரிமையை ஏற்கும் சட்டமொன்றும் பிறந்திருந்தது. 1882இன் கோட்டுக்கு 124 ஆண்டுகள் கழித்து!

தண்டிக்கப்பட்டோர் மேல்முறையீடு செய்தனர். 2023 மார்ச்சில் உயர்நீதிமன்ற நீதியரசர் வேல்முருகன், தீர்ப்பெழுதுமுன் வாச்சாத்திக்கே நேரில் வந்து அம்மக்களைக் கண்டார். அவ்வாண்டு செப்டம்பர் 29இல் தண்டனையை உறுதிசெய்ததுடன், அன்றைய கலெக்டர், காவல் கண்காணிப்பாளர், மாவட்ட வன அதிகாரி ஆகியோர் மீதும் நடவடிக்கை எடுக்குமாறு ஆணையிட்டார்.